அது மதச் சண்டை இல்லை, கண்ணுகளா!



கொஞ்சம் நீளமான பதிவு. மூன்று நாளாக ஒற்றை விரலால் தட்டித் தட்டி எழுதியிருக்கிறேன். பாதி படித்துவிட்டு லைக் போட்டுவிட்டுப் போகாதீர்கள். லைக் வேண்டாம், கடைசி வரை படித்தால் போதும்.

விஷயம் இதுதான். அயர்லாந்தில் நர்ஸ் வேலை பார்க்கும் நம் மாணவி ஒருத்தி போன வாரம் ஒரு போட்டோ போட்டிருந்தாள். என்னிஸ்கார்த்தி என்ற ஊர். அதை ஒட்டி வினிகர் ஹில் என்று ஒரு குன்று. குன்றின் மேல் இடிந்து போன பழைய காற்றாலை. "1798இல் இங்கே வெள்ளைக்கார ராணுவத்தோடு பெரிய சண்டை நடந்ததாம் டீச்சர்" என்று எழுதியிருந்தாள். எனக்கு அவ்வளவு சந்தோஷம். ஊரைச் சுற்றிப் பார்க்கப் போனவள் அந்த மண்ணின் கதையையும் கேட்டுக்கொண்டு வந்திருக்கிறாளே என்று.

அதற்குக் கீழே, அவளோடு அதே பெஞ்சில் படித்தவன் ஒருவன் எழுதுகிறான்: "அது கத்தோலிக்கர்களும் புராட்டஸ்டன்டுகளும் வெட்டிக்கொண்டு செத்த கதை. இரண்டு மதம் ஒரு மண்ணில் ஒற்றுமையாக இருந்ததாகச் சரித்திரமே கிடையாது." இதற்கு நாற்பது பேர் கட்டைவிரல் காட்டியிருக்கிறார்கள். அதில் பாதிப் பேர் என்னிடம் படித்தவர்கள். என் தம்பி மகனும் ஒருவன்.

கோபம் வந்தது. மறைக்கவில்லை. ஆனால் அன்று ராத்திரி படுத்த பிறகு ஒன்று ஞாபகம் வந்து என் தூக்கமே போய்விட்டது. அதே பையன் சின்ன வகுப்பில் இருந்தபோது, பெல்ஃபாஸ்டில் குண்டு வெடித்ததாக ரேடியோவில் கேட்டுவிட்டு வந்து, "அங்கே எதுக்கு டீச்சர் சண்டை?" என்று என்னிடம் கேட்டான். நான் என்ன சொன்னேன் தெரியுமா? "கத்தோலிக்கர்களுக்கும் புராட்டஸ்டன்டுகளுக்கும் ஆகாது. அவ்வளவுதான். பாடத்தைக் கவனி." போர்ஷன் முடிக்கிற அவசரம் எனக்கு. எனக்கும் அதற்கு மேல் அப்போது தெரியாது.

ஆக, தம்பி, உனக்கு அந்தத் தப்பான பாடத்தை நடத்தியவள் நானேதான். ஓய்வு பெற்ற பிறகுதான் நிறையப் படிக்க நேரம் கிடைத்தது. தப்பாக நடத்திய பாடத்தைத் திரும்ப நடத்துவது ஆசிரியரின் கடமை. அதனால் உட்கார்ந்து கேள்.

முதலில் அன்றைய அயர்லாந்து எப்படி இருந்தது என்று பார்ப்போம். கரும்பலகையில் மூன்று கட்டம் போட்டதாக நினைத்துக்கொள்ளுங்கள்.

முதல் கட்டம், ஆங்கிலிக்கன் சபையினர். இங்கிலாந்து அரசரின் சபை இது. எண்ணிக்கையில் சிறிய கூட்டம். ஆனால் நிலம், பதவி, டப்ளினில் இருந்த பாராளுமன்றம் எல்லாம் இந்தக் கூட்டத்தின் மேல்தட்டினர் கையில்.

இரண்டாம் கட்டம், பிரெஸ்பிட்டேரியர்கள். இவர்களும் புராட்டஸ்டன்டுகள்தான். ஸ்காட்லாந்திலிருந்து வந்து வடக்கே அல்ஸ்டர் பகுதியில் குடியேறியவர்கள். விவசாயிகள், லினன் துணி நெசவாளர்கள், வியாபாரிகள். தாங்கள் சேராத ஆங்கிலிக்கன் சபைக்கு இவர்களும் தசமபாகம் கட்ட வேண்டும்.

மூன்றாம் கட்டம், கத்தோலிக்கர்கள். நாட்டில் ஏறக்குறைய முக்கால் பங்கு. அவர்களுக்குத்தான் ஒன்றுமே இல்லை. 1793இல் ஓட்டுரிமை கொஞ்சம் கிடைத்தது. ஆனால் பாராளுமன்றத்தில் ஒரு கத்தோலிக்கர்கூட உட்கார முடியாது. இவர்களும் அதே தசமபாகத்தைக் கட்ட வேண்டும்.

மூன்று கட்டத்துக்கும் மேலே இருந்தது லண்டன் அரசாங்கம். இந்த மூவரும் சேராமல் இருக்கும் வரைக்கும் அதற்குக் கவலையில்லை.

இப்போது ஒரு கேள்வி. 1791 அக்டோபரில் 'ஐக்கிய அயர்லாந்தியர் சங்கம்' என்று ஒன்று ஆரம்பிக்கிறார்கள். 1798 கிளர்ச்சியை நடத்தியது இந்தச் சங்கம்தான். இது எந்த ஊரில் ஆரம்பித்தது? பெல்ஃபாஸ்டில். ஆரம்பித்தவர்கள் யார்? பெரும்பாலும் பிரெஸ்பிட்டேரியர்கள். அவர்களோடு சேர்ந்த டப்ளின் வக்கீல் தியோபால்ட் உல்ஃப் டோன் ஓர் ஆங்கிலிக்கன். அதே வருஷம் கத்தோலிக்கர்களின் உரிமைக்காக வாதாடி அவர் ஒரு சிறு நூல் எழுதியிருந்தார். கத்தோலிக்கர், புராட்டஸ்டன்ட் என்ற பெயர்களை எல்லாம் ஓரமாக வைத்துவிட்டு அயர்லாந்துக்காரன் என்ற ஒரே பெயர் வேண்டும் என்பதுதான் அவர் கட்சி.

கவனித்தாயா தம்பி? கத்தோலிக்கர்களுக்குச் சம உரிமை வேண்டும் என்று கேட்டு எழுந்த சங்கத்தை ஆரம்பித்தவர்கள் புராட்டஸ்டன்டுகள்.

அது வெறும் மேடைப் பேச்சும் இல்லை. அதற்கு ஏழு வருஷம் முன்பே, 1784இல், பெல்ஃபாஸ்டில் முதல் கத்தோலிக்கக் கோயில் கட்டியபோது அங்கிருந்த புராட்டஸ்டன்டுகள் பணம் போட்டார்கள். திறப்பு நாளன்று புராட்டஸ்டன்ட் தொண்டர்படை அணிவகுத்து நின்று பாதிரியாருக்கு மரியாதை செய்தது. புனித மரியாள் கோயில் என்று பெயர். நம் பெண் அடுத்த முறை பெல்ஃபாஸ்ட் போனால் அங்கேயும் ஒரு போட்டோ எடுத்துப் போடு அம்மா. "ஒற்றுமையாக இருந்ததாகச் சரித்திரமே கிடையாது" என்று எழுதினானே, அவனுக்கு அந்த ஒரு படம் போதும்.

சரி, இவ்வளவு ஒற்றுமை எப்படிக் கெட்டது? இங்கேதான் நீங்கள் எல்லோரும் கவனிக்க வேண்டும்.

பகை இல்லவே இல்லை என்று நான் சொல்ல வரவில்லை. ஆர்மா பகுதியில் நிலக் குத்தகைக்கும் நெசவுத் தொழிலுக்கும் போட்டி போட்டுக்கொண்டு ஏழைப் புராட்டஸ்டன்டுகளும் ஏழைக் கத்தோலிக்கர்களும் பல வருஷமாக அடித்துக்கொண்டிருந்தார்கள். 1795இல் அங்கே நடந்த ஒரு மோதலுக்குப் பிறகு புராட்டஸ்டன்டுகள் 'ஆரஞ்சு சங்கம்' ஆரம்பித்தார்கள். ஆயிரக்கணக்கான கத்தோலிக்கர்கள் வீடு இழந்து மேற்கே ஓடினார்கள். நெருப்பு இருந்தது உண்மை. அந்த நெருப்பை அரசாங்கம் என்ன செய்தது என்பதுதான் கேள்வி. அணைத்ததா, ஊதியதா?

ஊதியது. இதை நான் சொல்லவில்லை. அரசாங்கத்தின் சொந்த அதிகாரியே எழுதி வைத்திருக்கிறார். வடக்கே படைக்குப் பொறுப்பாக இருந்த நாக்ஸ் என்ற தளபதி, 1797 மார்ச்சில் தன் மேலதிகாரி ஜெனரல் லேக்குக்கு ஒரு கடிதம் எழுதுகிறார். ஒரு வட்டாரத்தில் ஆயுதச் சோதனை போடப் போகிறேன், ஆயுதம் அதிகம் சிக்கும் என்ற நம்பிக்கையில் இல்லை, ஆரஞ்சுக்காரர்களுக்கும் ஐக்கிய அயர்லாந்தியர்களுக்கும் நடுவே பகையை வளர்க்கத்தான், அந்தப் பகை இருந்தால்தான் இந்தப் பகுதி நமக்குப் பத்திரம் என்பது அந்தக் கடிதத்தின் சாரம். இதைவிடப் பச்சையாக எப்படி எழுத முடியும்?

அந்த லேக் என்ன செய்தார்? 1797 முழுக்க அல்ஸ்டரில் வீடு வீடாக எரிப்பு, கசையடி. சங்கத்தின் 'நார்தர்ன் ஸ்டார்' பத்திரிகையின் அச்சகத்தை ராணுவம் புகுந்து உடைத்தது. வில்லியம் ஓர் என்ற பிரெஸ்பிட்டேரிய விவசாயி இரண்டு சிப்பாய்களுக்குச் சங்க உறுதிமொழி எடுத்து வைத்தார் என்று சொல்லி 1797 அக்டோபரில் தூக்கில் போட்டார்கள். தெற்கே, தலையில் கொதிக்கும் தாரை ஊற்றி, காய்ந்ததும் முடியோடு தோலோடு பிய்த்து எடுத்தார்கள். படைத் தலைவராக வந்த ஆபர்கிராம்பி என்பவர், இந்த ராணுவத்தைப் பார்த்து எதிரியைத் தவிர மற்ற எல்லோரும் பயப்பட வேண்டியிருக்கிறது என்று உத்தரவிலேயே எழுதினார். உண்மையைச் சொன்னதற்காக அவர் பதவி போனது. அந்த இடத்துக்கு வந்தவர் யார்? அதே லேக்.

1798 மே மாதம் கிளர்ச்சி வெடித்தது. அதற்குள் உளவாளிகள் காட்டிக்கொடுத்து டப்ளின் தலைவர்கள் பலர் சிறைக்குப் போய்விட்டார்கள். அதனால் ஒவ்வொரு வட்டாரமும் தனித்தனியாக எழுந்தது, தனித்தனியாக அடி வாங்கியது. கொல்லன் பட்டறையில் அடித்த நீள ஈட்டிகளோடு பீரங்கிக்கு எதிரே போய் நின்றார்கள்.

இப்போது, இது மதச் சண்டை என்று சொல்கிறவர்கள் இந்தக் கணக்குக்கு எனக்கு விடை சொல்லட்டும்.

ஒன்று. ஜூன் 7, ஆன்ட்ரிம் நகரம். கிளர்ச்சிப் படையின் தலைவர் ஹென்றி ஜாய் மெக்ராக்கன். பிரெஸ்பிட்டேரியர், பஞ்சாலை நடத்திய குடும்பம். ஜூலை 17 அன்று பெல்ஃபாஸ்ட் கடைத்தெருவில் அவரைத் தூக்கிலிட்டார்கள்.

இரண்டு. ஜூன் 12, 13, பாலினஹின்ச். தலைவர் ஹென்றி மன்றோ, லினன் துணி வியாபாரி, ஆங்கிலிக்கன். அவர் பின்னால் நின்றவர்கள் பெரும்பாலும் பிரெஸ்பிட்டேரியர்கள். எதிரே அரசாங்கத்துக்காகச் சுட்டவர்களில் மோனகன் மிலிஷியாவும் உண்டு. அதன் சிப்பாய்களில் பெரும்பாலோர் யார் தெரியுமா? கத்தோலிக்கர்கள்! கத்தோலிக்கர்களுக்கும் சேர்த்து உரிமை கேட்ட புராட்டஸ்டன்டுகளைக் கத்தோலிக்கச் சிப்பாய்கள் சுடுகிறார்கள். இதை எந்த மதச் சண்டையில் சேர்ப்பாய் தம்பி?

மூன்று. கிரேஅபி என்ற ஊரின் பிரெஸ்பிட்டேரியச் சபைப் போதகர் ஜேம்ஸ் போர்ட்டர். கிளர்ச்சிக்காரர் என்று சொல்லி அவர் சபையின் ஜெபவீட்டுப் பக்கத்திலேயே தூக்கிலிட்டார்கள்.

நான்கு. தெற்கே வெக்ஸ்ஃபோர்டு. நம் பெண் நின்று போட்டோ எடுத்த குன்று இருக்கும் மாவட்டம். அங்கே எழுந்த மக்கள் பெரும்பாலும் கத்தோலிக்கர்கள், முன்னால் நின்றவர்களில் ஜான் மர்பி என்ற பாதிரியாரும் உண்டு. ஆனால் அந்த மக்கள் தங்களுக்குப் பிரதான தளபதியாகத் தேர்ந்தெடுத்தது பேகனல் ஹார்வியை. அவர் புராட்டஸ்டன்ட் நிலச்சுவான்தார். பிடித்த வெக்ஸ்ஃபோர்டு நகரத்துக்குப் பொறுப்பாக வைத்தது மாத்யூ கியோவை. அவரும் புராட்டஸ்டன்ட். இருவரையும் அரசாங்கம் தூக்கில் போட்டது.

ஐந்து. டப்ளின் கத்தோலிக்கப் பேராயர் டிராய் எந்தப் பக்கம்? அரசாங்கத்தின் பக்கம். கிளர்ச்சியை வன்மையாகக் கண்டித்தார். மர்பி பாதிரியாரே முதலில் தன் ஜனங்களை ஆயுதத்தை ஒப்படைத்துவிட்டுச் சும்மா இருக்கச் சொன்னவர். வீடுகள் எரிய ஆரம்பித்த பிறகு, பக்கத்து ஊர்களான டன்லாவினிலும் கார்னியூவிலும் கைதிகளை விசாரணை இல்லாமல் சுட்டுக் கொன்ற செய்தி பரவிய பிறகுதான் அந்தப் பகுதி எழுந்தது.

இந்த ஐந்துக்கும் விடை சொல்லாமல் "மதச் சண்டை" என்று ஒரே வார்த்தையில் முடிப்பது, கணக்கைப் போடாமல் கடைசிப் பக்கத்து விடையைக் காப்பியடிக்கிற வேலை.

உடனே ஒருவர் ஸ்கல்லபோக் என்ற பெயரைத் தேடி எடுத்து என் முகத்துக்கு முன்னால் நீட்டுவார். நீட்டட்டும், நானே சொல்கிறேன். ஜூன் 5 அன்று நியூ ராஸ் நகரத்தில் கிளர்ச்சிக்காரர்கள் படுதோல்வி அடைந்தார்கள். அன்றைக்கே ஸ்கல்லபோக் என்ற இடத்தில் தங்கள் பிடியில் இருந்த நூற்றுக்கும் மேற்பட்ட கைதிகளை ஒரு களஞ்சியத்தில் அடைத்துத் தீ வைத்தார்கள். பெண்களும் குழந்தைகளும் இருந்தார்கள். பெரும்பாலோர் புராட்டஸ்டன்டுகள். ஜூன் 20 அன்று வெக்ஸ்ஃபோர்டு பாலத்தில் மறுபடியும் கைதிகளை ஈட்டியால் குத்தி ஆற்றில் தள்ளினார்கள்.

இதற்கு நான் சப்பைக்கட்டு கட்ட மாட்டேன். நம் பக்கத்து ஆள் செய்தால் வீரம், அடுத்தவன் செய்தால் கொலை என்று நான் உங்களுக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. களஞ்சியத்தில் குழந்தையை வைத்துக் கொளுத்துவது கொலை, பாவம். ஆனால் அதையும் முழுசாகப் பார்க்க வேண்டும். எரிந்து செத்தவர்களில் கத்தோலிக்கர்களும் சிலர் இருந்தார்கள். சேதி கேட்டு ஆடிப்போன ஹார்வி, நிராயுதபாணிகளைக் கொல்கிறவனுக்கு மரண தண்டனை என்று உத்தரவு போட்டார். அவர் பேச்சு அதற்குப் பிறகு எடுபடவில்லை, தலைமையும் கைமாறியது. ஊதி ஊதி வளர்த்த நெருப்பு நல்லவர்களின் பேச்சையும் சேர்த்து எரித்துவிட்டது.

ஜூன் 21 அன்று வினிகர் ஹில்லில் லேக் பீரங்கிகளோடு வந்து கதையை முடித்தார். ஆகஸ்டில் ஆயிரத்துச் சொச்சம் பிரெஞ்சு வீரர்கள் மேற்குக் கரையில் வந்து இறங்கினார்கள். காஸில்பாரில் ஜெயித்து, செப்டம்பர் 8 அன்று சரணடைந்தார்கள். பிரெஞ்சுக்காரர்களைப் போர்க் கைதிகளாக மரியாதையோடு நடத்தினார்கள். கூட நின்ற அயர்லாந்துக்காரர்களை வெட்டித் தள்ளினார்கள். பிறகு பிரெஞ்சுக் கப்பலில் பிடிபட்ட உல்ஃப் டோன், ராணுவ வீரனாகச் சுட்டுக் கொல்லுங்கள் என்று கேட்டார். தூக்குதான் என்றார்கள். சிறையிலேயே கழுத்தை அறுத்துக்கொண்டு நவம்பர் 19 அன்று இறந்தார். அந்தச் சில மாதங்களில் செத்தவர்கள் 10,000 முதல் 30,000 வரை என்று வரலாற்றாசிரியர்கள் கணக்கிடுகிறார்கள்.

அப்படியானால் "மதச் சண்டை" என்ற கதை எங்கிருந்து வந்தது? ரத்தம் காய்வதற்குள் தயாரித்தார்கள். 1801இல் ரிச்சர்ட் மஸ்கிரேவ் என்பவர் ஒரு பெரிய புத்தகம் போட்டார். எல்லாம் கத்தோலிக்கச் சதி என்பதுதான் அதன் சாரம். வடக்கே பிரெஸ்பிட்டேரியர்கள் எழுந்ததற்கு அதில் கொஞ்சம் இடம், வெக்ஸ்ஃபோர்டுக்குத்தான் பக்கம் பக்கமாக.

இதற்கு எதிர்ச் சாட்சி யார் தெரியுமா? கார்ன்வாலிஸ்! ஆமாம், நீங்கள் பாடத்தில் படித்த அதே கார்ன்வாலிஸ் பிரபுதான். திப்புவைத் தோற்கடித்து 1792 உடன்படிக்கையில் திண்டுக்கல்லையும் சேலத்துப் பாரமகாலையும் கும்பினிக்கு வாங்கிக் கொடுத்தவர். சுற்றுலா போய் மலைக்கோட்டையில் புளியோதரை சாப்பிட்டோமே, அந்தக் கோட்டை கைமாறியது அப்போதுதான். அவரைத்தான் 1798 ஜூனில் அயர்லாந்தை அடக்க அனுப்பினார்கள். அவர் ஜூலையில் லண்டனுக்கு எழுதிய கடிதத்தில், இந்தக் கிளர்ச்சிக்குப் பிரெஞ்சுப் புரட்சிக் கொள்கையைக் காரணமாகச் சொல்லாமல் கத்தோலிக்க மதத்தைக் காரணமாகச் சொல்வது மடத்தனம் என்று எழுதினார். ஒரு பாதிரியாரைக் கொன்றார்கள் என்றால் தன் விருந்து மேஜையைச் சுற்றி இருப்பவர்கள் சந்தோஷப்படுகிறார்கள் என்று வெறுத்துப் போயும் எழுதினார். அவர் நமக்கும் நண்பரல்ல, அயர்லாந்துக்கும் நண்பரல்ல. அடக்க வந்தவரே மதம் காரணமில்லை என்கிறார். இருநூறு வருஷம் கழித்து நம் பையன் செல்போனில் மதம்தான் காரணம் என்கிறான்!

மஸ்கிரேவை மட்டும் குற்றம் சொன்னால் நியாயமாகாது. 1870இல் பேட்ரிக் கவனா என்ற பாதிரியார் மறுபக்கத்திலிருந்து ஒரு புத்தகம் எழுதினார். அதில் கிளர்ச்சி என்றால் கத்தோலிக்கப் பாதிரியார்களும் விசுவாசமுள்ள ஜனங்களும்தான். பெல்ஃபாஸ்டின் பிரெஸ்பிட்டேரியர்களுக்கு அதிலும் இடம் குறைவு. ஒருவர் திட்டுவதற்காக அதை மதச் சண்டை ஆக்கினார். இன்னொருவர் புகழ்வதற்காக ஆக்கினார். இரண்டு புத்தகத்துக்கும் நடுவே மெக்ராக்கனும் ஓரும் மன்றோவும் காணாமல் போனார்கள். வடக்கே அவர்களின் பேரப்பிள்ளைகளில் பலரே, எங்கள் தாத்தா கிளர்ச்சிக்காரர் என்று வெளியே சொல்லக் கூச்சப்பட்டார்கள்.

லாபம் யாருக்கு என்று பாருங்கள். 1801 ஜனவரி 1 முதல் அயர்லாந்தின் பாராளுமன்றமே இல்லை, லண்டனோடு சேர்த்துக்கொண்டார்கள். சேர்ந்தால் கத்தோலிக்கர்களுக்கு உரிமை தருவோம் என்று ஆசை காட்டினார்கள். அரசர் மறுத்துவிட்டார். அந்த உரிமை வர 1829 ஆனது.

"சரி டீச்சர், பழைய கதைதானே, மதச் சண்டை என்றே இருந்துவிட்டுப் போகட்டும், என்ன நஷ்டம்?" என்று சிலர் கேட்கலாம். நஷ்டம் இருக்கிறது. சேர்ந்து வாழவே முடியாது என்று நம்புகிறவன் சேர்ந்து வாழ முயற்சியே செய்ய மாட்டான். பக்கத்து வீட்டுக்காரனைப் பார்க்கும்போதே என்றைக்காவது வெட்டுவான் என்று நினைத்துத்தான் பார்ப்பான். 1791இல் பெல்ஃபாஸ்டில் சிலர் முயற்சி செய்தார்கள், பாதி ஜெயித்தார்கள், அதை உடைக்க ஓர் அரசாங்கமே மெனக்கெட வேண்டியிருந்தது. இதுதான் நடந்தது. "முயற்சியே நடக்கவில்லை" என்று சொல்வது தூக்குமேடை ஏறினவர்களை இன்னொரு முறை கொல்வது.

கடைசியாக ஒருத்தியைப் பற்றிச் சொல்லி முடிக்கிறேன். மெக்ராக்கனின் தங்கை மேரி ஆன். அண்ணனைத் தூக்குமேடைக்குக் கூட்டிப் போனபோது கையைப் பிடித்துக்கொண்டு கூடவே நடந்தாள். அண்ணன் விட்டுப் போன பெண் குழந்தையை வளர்த்தாள். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பெல்ஃபாஸ்டில் ஏழைப் பிள்ளைகளுக்காகவும் பெண்களுக்காகவும் வாழ்நாள் முழுக்க உழைத்தாள். எண்பது வயது தாண்டிய பிறகும் துறைமுகத்தில் நின்று, அமெரிக்கக் கப்பல் ஏறுகிறவர்களிடம் அடிமை முறைக்கு எதிரான துண்டுப் பிரசுரங்களைக் கொடுத்தாள். 1866 வரை இருந்தாள். ஆரஞ்சுக்காரனையோ கத்தோலிக்கனையோ பழி தீர்க்க அவள் கிளம்பவில்லை. எனக்கு அறுபத்தைந்து ஆகிறது. முழங்கால் வலி, இனி என்ன என்று உட்கார்ந்திருந்தவளை இந்தப் பதிவை எழுத வைத்தது அவள்தான்.

அந்தக் கருத்தை எழுதிய தம்பிக்கு: உன் பெயரை இங்கே போடவில்லை, போடவும் மாட்டேன். நீ கெட்ட பையன் இல்லை என்று எனக்குத் தெரியும். அன்றைக்கு நான் ஒரு வரியில் முடித்த பதில் தப்பு. அதை இன்றைக்கு அடித்துவிட்டேன். நீயும் உன் வரியை அடித்துவிட்டுத் திருத்தி எழுது. எனக்காக அழிக்க வேண்டாம். நான் சொன்னதில் பிழை இருந்தால் ஆதாரத்தோடு கீழே எழுது, ஏற்றுக்கொள்கிறேன்.

கட்டைவிரல் காட்டிய நாற்பது பேருக்கும் அதேதான். தம்பி மகனே, உனக்கும்தான். ஞாயிற்றுக்கிழமை சாப்பிட வா, மீதியை நேரில் பேசிக்கொள்வோம்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்